எல்லாம் எழுதுகிற மகளுக்கு

அன்பு மகளுக்கு,

போன வாரம் போனில் நீ சொன்னது மனசைவிட்டுப் போகவில்லை. "பேய்ப் படம், குழந்தைகள் குறும்படம், ஆவணப்படத்துக்கு வர்ணனை என்று எது வந்தாலும் எழுதுகிறேன், எனக்கென்று ஒரு முகமே இல்லைப்பா." அன்றைக்கு எனக்குப் பதில் வரவில்லை. அப்புறம் தேடிப் படித்தேன்.

அமெரிக்காவில் ஜான் செய்ல்ஸ் என்று ஒருவர். உனக்குத் தெரிந்திருக்கும், எனக்கு இப்போதுதான். நாவல் எழுதிக்கொண்டிருந்தவர், மலிவுப் படங்கள் எடுத்த ரோஜர் கார்மனின் கம்பெனிக்காக, 1978இல் வெளிவந்த ஒரு படத்துக்கு, ஆளைத் தின்னும் மீன்களை வைத்துத் திரைக்கதை எழுதினார். (படத்தைப் போட்டேன். உன் அம்மா பாதியில் எழுந்து போய்விட்டாள்.) அப்படி எழுதிச் சேர்த்த காசில்தான் தன் முதல் படத்தை எடுத்தார். தெரிந்த நடிகர்கள் எல்லோரும் முப்பதை ஒட்டிய வயது. அதனால் கதையிலும் அந்த வயதுப் பழைய நண்பர்கள், பெரும்பாலும் ஒரே வீடு. பின்னால் திரைக்கதைக்காக இரண்டு முறை ஆஸ்கர் பரிந்துரை வந்தது. அதற்கு அப்புறமும் அடுத்தவர் ஸ்கிரிப்ட்டைச் சரிசெய்து கொடுப்பதை அவர் விடவில்லை.

நீ வைத்துவிட்டுப் போன ஸ்கிரிப்ட்டையும் படித்தேன். அக்காவும் தங்கையும் இறந்துபோன அம்மாவின் அலமாரியை ஒழிக்கிற காட்சியில் ஒரு வசனம்கூட இல்லை. படம் பேசும்போது வாயை மூடிக்கொள்ள வேண்டும் என்று ஆவணப்படத்தில்தானே கற்றாய்? அந்தக் கடைசி இழுப்பறையைத் திறக்காமல் திறக்காமல் இழுத்தடிக்கிறாயே, அது பேய்ப் படம் எழுதிய கை. இதற்கு மேல் என்ன முகம் வேண்டும் உனக்கு?

ஆனால் ஒன்று. ஸ்கிரிப்ட்டில் ஒரு பக்கம் என்றால் திரையில் ஏறக்குறைய ஒரு நிமிஷம் என்று நீதான் சொல்லிக்கொடுத்தாய். ரயில் நிலையத்தில் இரவு, மழை, கூட்டம் என்று நீ எழுதியது அரைப் பக்கம். சின்ன பட்ஜெட்டில் எடுக்கிறவர்களுக்கு அந்த அரை நிமிஷத்துக்கு ஒரு ராத்திரி போதுமா?

இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன். போன வருஷம் மூன்று மாதம் கதை விவாதத்தில் உட்கார்ந்தாய், கடைசியில் 'நன்றி' பட்டியலில் உன் பெயரைப் போட்டார்கள். எனக்கு இன்னும் ஆறவில்லை. இனிமேல் உட்காருவதற்கு முன்னாலேயே எழுதி வாங்கு: டைட்டிலில் பெயர் எப்படி வரும், எத்தனை திருத்தம் வரைக்கும் இந்தச் சம்பளம், படம் எடுக்காவிட்டால் கதை எப்போது உன்னிடம் திரும்பும். கேட்டால் வாய்ப்புப் போய்விடும் என்பாய். போகட்டும்.

ரயில் நிலையத்தைப் பகலுக்கு மாற்ற முடியுமா என்று பார். அலமாரிக் காட்சியில் மட்டும் யார் சொன்னாலும் கை வைக்காதே.

அன்புடன்,
அப்பா