வங்கி ஏலத்தில் வாங்கிய வீடும் வில்லங்கச் சான்றும்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். புனலூரில் வேலை செய்து சேர்த்த பணத்தில், செங்கோட்டையில் ஒரு சிறு வீட்டை வங்கி ஏலத்தில் வாங்கினேன். கால் பங்குத் தொகையை உடனேயும் மீதியைப் 15 நாட்களுக்குள்ளும் கட்டி, அதிகாரம் பெற்ற அலுவலர் முத்திரையிட்ட விற்பனைச் சான்றிதழையும் பெற்றேன். ஆனால், கடன்பட்ட பழைய உரிமையாளர் சார்பதிவாளர் அலுவலகத்துக்கு நேரில் வந்து கையெழுத்திட வேண்டும் என்கிறார்கள். வீட்டைப் பறிகொடுத்தவர் அதற்காக வந்து நிற்பாரா?

கடனைக் கட்டாதவரின் அடமானச் சொத்தை வங்கியே விற்க வழிசெய்யும் 2002-ஆம் ஆண்டின் சர்பாசி சட்டப்படி நடந்த ஏலத்தில் வங்கி தரும் சான்றிதழைக் கட்டாயம் பதிவு செய்யத் தேவையில்லை என்றும், அதன் நகலைப் பதிவுச் சட்டம் 89-ஆம் பிரிவின்படி 1-ஆம் புத்தகத்தில் (சொத்து ஆவணங்களுக்கான பதிவேட்டில்) கோத்து வைத்தால் போதும் என்றும் உச்ச நீதிமன்றம் 2021-இல் தெளிவுபடுத்தியிருக்கிறது. அந்த நகலை அனுப்ப வேண்டிய வங்கியோ, என் கையில் சான்றிதழைக் கொடுத்ததோடு வேலை முடிந்ததாக இருந்துவிட்டது.

ஆரியங்காவு மலைப்பாதையில் பேருந்தேறி மூன்று முறை விடுப்பெடுத்து வந்தேன். ஒவ்வொரு முறையும் வில்லங்கச் சான்றில் பழைய அடமானமே கடைசி வரியாக நிற்கிறது. பட்டா மாறுதல் மனுவும் அதனாலேயே திரும்பி வந்தது. (1956 வரை திருவிதாங்கூரில் இருந்த ஊர் என்பதால், இங்கே மூலப் பத்திரம் தேடுவதே தனி அலைச்சல்.)

ஏலச் சான்றிதழின் நகலை வங்கிகள் தாமே சார்பதிவாளருக்கு அனுப்பவும், வந்த நகலைத் தாமதமின்றிக் கோத்து வில்லங்கத்தில் காட்டவும் பதிவுத்துறைத் தலைவர் எழுத்துமூலம் உத்தரவிட வேண்டுகிறேன்.

இப்படிக்கு,
ஒரு வாசகர், செங்கோட்டை