ஒளிவட்டில் சுவடிக்குக் கைகொடுத்தவர்களுக்கு

அன்பிற்குரியவர்களுக்கு வணக்கம்.

என் நாவலில் வரும் 'ஒளிவட்டில்' என்ற சுவடி உலகில் எங்கும் இல்லை. ஒளி மனிதரின் நடைவேகத்தில் செல்லும் ஒரு நாட்டில், விளக்குக் காவலர்கள் தலைமுறை தலைமுறையாக எழுதிச் சேர்த்த பன்னிரண்டு ஏடுகளாக நான் அதைக் கற்பனை செய்தேன். ஆனால் கைப்பிரதியைப் படித்தவர்களில் சிலர், இந்தச் சுவடி எந்த நூலகத்தில் இருக்கிறது என்று கேட்டார்கள். அப்படி ஒரு கேள்வி எழுந்ததற்கு நான் மட்டும் காரணம் இல்லை. பெயர் போட வேண்டாம் என்று எல்லோரும் சொல்லிவிட்டதால் உறவாலும் தொழிலாலும் மட்டுமே அவர்களைக் குறிப்பிடுகிறேன்.

முதல் நன்றி அப்பத்தாவுக்கு. தொலைவை அவர் இன்றும் மைலிலோ கிலோமீட்டரிலோ சொல்வதில்லை. "கோயில் இரண்டு நாழிகை வழிதான், நடந்துவிடலாம்" என்பார். நாழிகை என்பது 24 நிமிடம். அந்த நேரத்தில் ஒருவர் நடந்து கடக்கும் தொலைவு நாழிகை வழி. காலத்தாலேயே தூரத்தை அளக்கும் இந்தச் சொல்லைச் சிறு வயதிலிருந்து கேட்டிருந்தும் அதற்குள் ஒரு நாடே இருப்பது எனக்குத் தெரியவில்லை. ஒளியும் ஒரு நாழிகைக்கு ஒரு நாழிகை வழிதான் நடக்கும் என்றால் என்ன ஆகும் என்று ஒரு மாலை நினைத்துப் பார்த்தேன். தாய் ஏற்றிய விளக்கு அணைந்த பிறகும், அதன் கடைசி ஒளியோடு கூடவே நடந்து போகிற ஒரு பெண் என் கண்முன் வந்தாள். அவள் நடக்கும்வரை திரும்பிப் பார்த்தால் விளக்கு எரிந்துகொண்டிருக்கும். நின்றால் இருட்டு அவளைக் கடந்து போய்விடும். நாவல் முழுவதும் அந்த ஒரு காட்சியிலிருந்து பிறந்தது.

அடுத்து, எனக்கு இயற்பியல் கற்றுத் தந்த ஆசிரியர். ஓய்வு பெற்று ஆண்டுகள் ஆகியும் என் கைப்பிரதியைச் சிவப்பு மையோடுதான் படித்தார். புயல் வரும் அத்தியாயத்தில் "மின்னல் வெட்டியது, பின்னாலேயே இடி" என்று எழுதியிருந்தேன். அந்த வரியை வட்டமிட்டு, "உன் நாட்டில் ஒலிதான் முந்தி வரும்" என்று ஓரத்தில் குறித்திருந்தார். எத்தனை பெரிய பிழை! அரை நாழிகை வழிக்கு அப்பால் விழும் இடியின் முழக்கம் சில நொடிகளில் வந்துவிடும். மின்னல் வந்து சேரப் பன்னிரண்டு நிமிடம் ஆகும். அதே கணக்கில், தாய் கூப்பிடும் குரல் முதலில் வரும், அவள் முகம் பிறகு வரும். நாவலில் எனக்கு மிகவும் பிடித்த பக்கங்கள் அந்தச் சிவப்பு வட்டத்திலிருந்து வந்தவை.

ரோமரைப் பற்றிச் சொன்னவரும் அவரே. வியாழனின் நிலவான அயோ மறையும் நேரம், பூமி வியாழனை நெருங்கும்போது முந்துகிறது, விலகும்போது பிந்துகிறது. அதைக் கவனித்து, ஒளி வந்து சேர நேரம் எடுக்கிறது என்று 1676இல் சொன்னவர் ஓலே ரோமர். சூரிய ஒளி நம்மை அடைய ஏறத்தாழ 500 நொடி ஆகிறது. ஒரு விநாழிகைக்கு 24 நொடி என்று வகுத்துப் பார்த்தால் அது 21 விநாழிகைக்குச் சற்றுக் குறைவு. இதைக் கரும்பலகையில் போடுவதுபோல் என் நோட்டுப் புத்தகத்தில் அவர் போட்டுக் காட்டிய பக்கத்தைப் பத்திரமாக வைத்திருக்கிறேன்.

நாழிகையை அளக்கும் கிண்ணமான வட்டிலைச் செய்து தந்த பாத்திரப் பட்டறை அண்ணனுக்கும் நன்றி. அடியில் நுண்துளை இட்ட செம்புக் கிண்ணத்தைத் தண்ணீரில் மிதக்கவிட்டால் அது மெல்ல நிரம்பி ஒரு நாழிகையில் மூழ்க வேண்டும். முதல் கிண்ணம் ஒன்பது நிமிடத்தில் மூழ்கியது. துளையை ஈயம் வைத்து அடைத்து, மெல்லிய ஊசியால் மீண்டும் குத்தி, நான்காம் முறை சரியாக்கினார். காசு வாங்கவில்லை. கிண்ணத்தின் விளிம்பைத் தண்ணீர் தொட்டவுடன் மெலிதாக ஒரு சத்தம் எழும். விழுங்குவதுபோன்ற சத்தம். அதை நேரில் கேட்டிராவிட்டால் ஏழாம் ஏட்டை என்னால் எழுதியிருக்க முடியாது.

இனி, சுவடி படியெடுப்பதிலேயே வாழ்நாளைக் கழித்த ஐயா. பனையோலையில் எழுத்தாணி பிடிக்க எனக்குக் கற்றுத் தந்தார். என் மாதிரி ஏட்டை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்து, "புள்ளி குத்தாதே தம்பி, ஓலை பொத்துவிடும்" என்றார். பழைய ஏடுகளில் மெய்யெழுத்துக்குப் புள்ளி இருக்காது; எகர ஏகார வேறுபாடும் தெரியாது. எரி என்பதும் ஏரி என்பதும் ஏட்டில் ஒன்றுபோலவே நிற்கும். அதைக் கேட்டு அன்றிரவு எனக்குத் தூக்கம் வரவில்லை. "தொலைந்த பகல் எரியுள் உளது" என்று ஒன்பதாம் ஏட்டில் எழுதி, நாயகியைத் தீ மலைக்கு அனுப்பியிருந்தேன். அவள் தேடிய பகல் ஏரிக்குள் அல்லவா கிடந்திருக்கிறது! இரண்டாம் பாகத்தை முழுவதும் அழித்துவிட்டு மறுபடி எழுதினேன்.

பன்னிரண்டு ஏடுகளையும் ஐயாவின் மகள் உண்மையான ஓலையிலேயே கீறித் தந்தார். கீறி முடித்த ஓலையில் கண்ணுக்கு ஏறக்குறைய எதுவும் தெரியாது. விளக்குக் கரியை எண்ணெயில் குழைத்துப் பூசித் துணியால் துடைத்தவுடன் எழுத்துகள் வரிவரியாக எழுந்து வந்தன. பக்கத்தில் நின்ற என் மனைவி என் கையைப் பிடித்துக்கொண்டாள். மூன்று ஆண்டுகளாக இந்த நாட்டின் கணக்குவழக்குகளைச் சலிக்காமல் கேட்டு வந்தவள் அவள்.

மெய்ப்புத் திருத்திய நண்பர்கள் இருவருக்கும் என் நன்றி.

அப்பத்தாவுக்குப் படிக்கத் தெரியாது. விளக்கோடு நடக்கும் பெண்ணின் கதையை அவருக்கு வாசித்துக் காட்டியபோது முழுவதும் கேட்டுவிட்டு, "அந்தப் பிள்ளை எப்போதுதான் உட்காருவாள்?" என்றார். என்னிடம் பதில் இல்லை. அதன் பிறகுதான் பன்னிரண்டாம் ஏட்டை எழுதினேன். வரும் ஞாயிற்றுக்கிழமை ஊருக்குப் போகிறேன். அதை அவரிடம் வாசித்துக் காட்ட வேண்டும்.