கியூ கார்டன்ஸ்காரங்களுக்கு ஒரு திறந்த மடல்: அந்தம்மாவுக்கு ஒரு காபி பாக்கி இருக்கு

லண்டன் கியூ தாவரவியல் தோட்டத்தோட டைரக்டருக்கும் டிரஸ்டிகளுக்கும், அப்புறம் மரியான் நார்த் கேலரியை தெனமும் தொறந்து மூடுற அண்ணன்மார் அக்காமாருக்கும் வணக்கம்.

தமிழ்ல எழுதுறேன், கோச்சுக்காதீங்க. உங்க ஹெர்பேரியத்துல எங்க ஊர் செடிங்க அத்தனை காய வச்சு ஒட்டியிருக்கு, அதுக்கெல்லாம் தமிழ்ல பேரு உண்டு, அதனால உங்க கட்டடத்துக்குள்ள தமிழ் ஒண்ணும் புது விருந்தாளி இல்ல. யாராச்சும் படிச்சு சொல்லிடுவாங்கன்னு நம்பிக்கை.

விஷயத்துக்கு நேரா வந்துடறேன். 2030 அக்டோபர் 24 அன்னிக்கு, உலகம் சுத்தி செடிங்களை வரைஞ்ச இங்கிலீஷ் ஓவியர் மரியான் நார்த் பொறந்து 200 வருஷம் ஆகுது. நீங்க எப்படியும் விழா எடுப்பீங்க, ஸ்பெஷல் எக்ஸிபிஷன், புது புக்கு, டோட் பேக், ஃப்ரிட்ஜ் மேக்னட் எல்லாம் வரும். அன்னிக்கு ஒரு நாள் மட்டும் அந்த கேலரி வராண்டாவுல வர்றவங்களுக்கு காபியும் டீயும் பிஸ்கட்டும் குடுங்க. இவ்ளோதான் என் மனு. மிச்சம் எழுதுறதெல்லாம் அது ஏன்னு சொல்றதுக்குத்தான்.

உங்களுக்கு தெரிஞ்ச கதைதான், ஆனா நம்ம ஆளுங்க பாதி பேருக்கு தெரியாது, அதனால சொல்லிக்கிறேன். 1879 ஆகஸ்ட்ல இந்தம்மா அப்போ டைரக்டரா இருந்த ஜோசப் ஹூக்கருக்கு ஒரு லெட்டர் போடுறாங்க: என் ஓவியங்களை எல்லாம் கியூவுக்கு தர்றேன், அதை மாட்டுறதுக்கு கட்டடமும் என் சொந்த காசுலயே கட்டித் தர்றேன், பதிலுக்கு தோட்டம் முழுக்க நடந்து களைச்சு வர்ற சனங்களுக்கு அங்க உக்கார ஒரு இடமும் குடிக்க ஒரு காபியோ டீயோ கிடைக்கணும்னு. ஹூக்கர் கட்டடத்துக்கு சரின்னுட்டாரு, காபிக்கு முடியாதுன்னுட்டாரு. அத்தனை பொதுஜனத்தை கட்டுப்பாட்டுல வச்சுக்க முடியாதாம். ஓசியில முழு கட்டடம் வருது, ஒரு கப் காபிக்கு மூக்கால அழுதா எப்படி! அந்தம்மா சண்டை போடல, கூச்சல் போடல. பேசாம பிரஷ்ஷை எடுத்து கேலரி கதவுக்கு மேல காபிச் செடியையும் தேயிலைச் செடியையும் வரைஞ்சு வச்சுட்டாங்க. குடிக்கத்தானே கூடாது, பாத்துக்கங்கன்னு. முத தடவை அந்த கதவுக்கு கீழ நின்னு தலையை தூக்கி பாத்தப்ப எனக்கு சிரிப்பு அடக்க முடியல, பக்கத்துல நின்ன வெள்ளைக்கார பாட்டி என்னை ஒரு மாதிரி பாத்தாங்க.

இந்த வீம்பு எங்கேருந்து வந்துச்சுன்னு பாத்தா, குடும்பத்தை பத்தி கொஞ்சம் பேசணும். அப்பா ஃப்ரெடெரிக் நார்த், ஹேஸ்டிங்ஸ் தொகுதி எம்பி, நார்ஃபோக்ல ரஃபம்னு ஒரு ஊர்ல பரம்பரை நிலம். அம்மா வழியிலயும் பெரிய இடத்து சம்பந்தம், லங்காஷயர்ல காவ்தார்ப் ஹால்னு ஒரு மாளிகை. குளிர் காலத்துக்கு ஒரு வீடு, பார்லிமென்ட் நடக்கறப்ப லண்டன், கோடைக்கு இன்னொரு வீடுன்னு வருஷம் முழுக்க வண்டி கட்டிட்டு சுத்துற குடும்பம். நம்ம ஊர்ல மிராசுதார்னு சொல்வோமே, அதோட இங்கிலீஷ் பதிப்பு. அமெரிக்கா கை விட்டுப் போனப்ப பிரதமரா இருந்த நார்த் பிரபுவும் இதே வம்சம்தான். இதுல ஒரு கூத்து, 1871-ல அமெரிக்கா போன மரியானை வெள்ளை மாளிகையில ஜனாதிபதி கிராண்ட் விருந்துக்கு கூப்பிட்டிருக்காரு, அங்க இவங்களை அந்த பிரதமரோட மகள்னே நினைச்சுட்டாங்களாம். அந்த மனுஷன் செத்தது 1792-ல. எனக்கு வயசாயிடுச்சுன்னு தெரியும், ஆனா இவ்ளோ வயசுன்னு தெரியாம போச்சேங்கிற தோரணையில அந்தம்மா எழுதி வச்சிருக்காங்க.

இப்ப நெட்ல இவங்களை பத்தி வர்றதெல்லாம் பாத்தா, எல்லாத்தையும் உதறிட்டு தனியா உலகம் சுத்தின புரட்சிப் பெண்ணுன்னு ஒரே வரியில முடிச்சுடறாங்க. அட அப்படி இல்லப்பா. உதறவே இல்ல. 1855-ல அம்மா சாகறப்ப அப்பாவை விட்டு போகமாட்டேன்னு சத்தியம் பண்ணி குடுத்தாங்க, அதை கடைசி வரைக்கும் காப்பாத்தினாங்க. பாட்டு கத்துக்கிட்டாங்க, குரல் ஒத்துழைக்கல. கல்யாணம் பண்ணிக்கல. அப்பாவோடவே ஆல்ப்ஸ், சிரியா, நைல் நதின்னு போனாங்க. 1867 வாக்குல ராபர்ட் டௌலிங்னு ஆஸ்திரேலியாவுலேர்ந்து வந்த ஓவியர்கிட்ட ஆயில் பெயின்டிங் பழகினாங்க, அது குடிப்பழக்கம் மாதிரி, ஒரு தடவை பிடிச்சா விடாதுன்னு அவங்களே சொல்லியிருக்காங்க. 1869 அக்டோபர்ல அப்பா செத்துட்டாரு. அப்போ இவங்களுக்கு 39 வயசு. எங்க ஊர்ல அந்த வயசுல ஒரு பொம்பளைக்கு இனிமே உனக்கு என்னடி இருக்குன்னு சொல்லிடுவாங்க, இந்தம்மாவுக்கு அப்பதான் ஆரம்பமே ஆச்சு. ஆனா அந்த ஆரம்பத்துக்கு பின்னாடி நிலத்து காசு இருந்துச்சு, எந்த நாட்டுல எறங்கினாலும் கவர்னருக்கும் ராஜாவுக்கும் காட்ட சிபாரிசு கடிதம் இருந்துச்சு. போர்னியோ தீவுல சரவாக்கை ஆண்ட வெள்ளைக்கார புரூக் ராஜா வீட்டுலயே தங்கினாங்க. இதை சொன்னா அவங்க பெருமை கொறைஞ்சுடுமா என்ன? அதே மாதிரி காசும் கடிதமும் இருந்த ஆயிரம் சீமாட்டிங்க வீட்டுல உக்காந்து பூத்தையல் போட்டுட்டுதானே இருந்தாங்க. 2030-ல போர்டு எழுதறப்ப இந்த காசுக் கதையையும் சேத்து எழுதுங்க, கூச்சப்படாம.

உங்க தோட்டத்துக்கும் இதுல பங்கு இருக்கு. இளவயசுல அப்பாவோட கியூவுக்கு வந்தப்ப ஜோசப் ஹூக்கரோட அப்பா வில்லியம் ஹூக்கர் ஒரு ஆம்ஹெர்ஸ்டியா பூங்கொத்தை கையில குடுத்திருக்காரு. பர்மாவுல வளர்ற மரம், செக்கச்செவேல்னு சரஞ்சரமா தொங்கும். அதை பாத்ததுலேர்ந்துதான் வெப்ப நாடுகளை நேர்ல பாக்கணும்னு ஆசை வந்துச்சாம். ஒரு கொத்து பூ குடுத்தீங்க, பதிலுக்கு 800-க்கும் மேல ஓவியமும் ஒரு கட்டடமும் வந்துச்சு, உங்க வரலாத்துல இவ்ளோ நல்ல வட்டி வேற எதுலயும் வந்திருக்காது.

1871-லேர்ந்து 1885 வரைக்கும் ஜமைக்கா, பிரேசில், கலிஃபோர்னியா, ஜப்பான், போர்னியோ, ஜாவா, இலங்கை, இந்தியா, ஆஸ்திரேலியா, தென் ஆப்பிரிக்கா, செஷல்ஸ், சிலி. ஆஸ்திரேலியாவை பாக்காம வேலை முடியாதுன்னு தூண்டி விட்டது சார்லஸ் டார்வின். நான் பாட்டனி படிச்சவ, காலேஜ்ல செடி வரையறதுன்னா வெள்ளைப் பேப்பர்ல ஒத்தை கிளை, பக்கத்துல பூவை வெட்டிப் போட்டு மகரந்தம் சூல்பைன்னு அம்புக்குறி போடறதுதான். இந்தம்மா அப்படி வரையல. செடி எங்க நிக்குதோ அந்த மண்ணு, பின்னாடி இருக்கிற மலை, மேல ஊர்ற பூச்சி, எல்லாத்தையும் சேத்து ஆயில்ல அழுத்தமா போட்டாங்க, கலரு கண்ணை குத்தும். அந்த காலத்து ஆளுங்க சிலருக்கு இது ஓவியமும் இல்ல பாட்டனியும் இல்லன்னு தோணுச்சு. ஆனா போர்னியோவுல இவங்க வரைஞ்ச ஒரு குடுவைச் செடி படத்தை பாத்துட்டு ஒரு நர்சரிக்காரங்க ஆள் அனுப்பி தேடி எடுத்தாங்க, அதுக்கு நெபந்தஸ் நார்த்தியானான்னு பேரு. 2021-ல கூட அவங்க சரவாக் படம் ஒண்ணுல நீல நிறக் காயோட இருந்த ஒரு செடி அறிவியலுக்கு புதுசுன்னு கண்டுபிடிச்சு சஸாலியா நார்த்தியானான்னு பேரு வச்சாங்க. கிட்டத்தட்ட 140 வருஷமா செவுத்துல எல்லார் கண்ணு முன்னாடியும் தொங்கிட்டு இருந்த செடி!

கேலரி தொறந்தது 1882-ல. பிளான் போட்டது ஜேம்ஸ் ஃபெர்குசன், இந்தியக் கோயில் கட்டடங்களை பத்தி எழுதினவரு, அவர் கைக்காசு எங்கேருந்து வந்துச்சுன்னா வங்காளத்துல அவுரி வியாபாரம். வெளியில வராண்டா, எங்க ஊர் கலெக்டர் பங்களா மாதிரியே இருக்கும். உள்ள படத்துக்கும் படத்துக்கும் நடுவுல விரல் நுழையாது, ஸ்டாம்ப் ஆல்பம் மாதிரி. கீழ செவுரு பூரா 246 வகை மரப் பலகை. எங்க மாட்டணும் எந்த வரிசைன்னு எல்லாம் அவங்களே முடிவு பண்ணி, கதவு ஓரத்து அலங்காரத்தையும் அவங்க கையாலயே போட்டாங்க.

சரி, காபிக்கு வர்றேன். காபின்னா எங்களுக்கு வெறும் காபி இல்ல. மரியான் இலங்கையில இருந்தது 1876-77. பேராதனை தாவரவியல் தோட்டத்தை பாத்துட்டு, களுத்துறையில போட்டோகிராஃபர் ஜூலியா மார்கரெட் கேமரூன் வீட்டுல தங்கினாங்க. அங்க இவங்களுக்கு கம்பளி சால்வையை போத்தி, தலையை விரிச்சு விட்டு, தென்ன ஓலை தலையில குத்துற மாதிரி உச்சி வெயில்ல நிக்க வச்சு, இயல்பா இருங்கன்னு சொன்னாங்களாம் கேமரூன் அம்மா. அந்த வீட்டுல இன்னொரு சங்கதி: ஒருத்தர் முதுகு அழகா இருக்குங்கிறதுக்காகவே அவரை தோட்டக்காரரா வச்சுக்க சொன்னாங்களாம், அங்க தோட்டமே கெடையாது. நமக்கு அவரோட முதுகு மட்டும்தான் வந்து சேந்திருக்கு, பேரு வரல.

கேமரூன் குடும்பத்துக்கு இலங்கையில காபி எஸ்டேட் இருந்துச்சு. அந்த மலையில காபி பறிச்சது யாரு? மதுரை, திருச்சி, தஞ்சாவூர், திருநெல்வேலி பக்கத்துலேர்ந்து கூலிக்கு ஆள் சேக்குற கங்காணி பின்னால போன எங்க சனம். ராமேஸ்வரம் பக்கம் தோணி ஏறி, மன்னார்ல எறங்கி, மாத்தளை வரைக்கும் காட்டு வழியா நடந்து போனாங்க, வழியிலயே காலராவுலயும் காய்ச்சல்லயும் செத்தவங்க எத்தனையோ பேரு. அதே 1876-78-லதான் எங்க ஊர்ப் பக்கம் தாது வருஷப் பஞ்சம். 50 லட்சம் பேருக்கு மேல செத்தாங்க. மரியான் இந்தியாவுக்கு வந்ததும் சரியா அந்த சமயத்துலதான், 1877 கடைசியில. மதுரை வந்தாங்க, தஞ்சாவூர் வந்தாங்க, குன்னூர் போனாங்க. உங்க செவுத்துல நான் பாத்து நின்ன தென்னிந்தியப் படங்கள்ல இருந்ததெல்லாம் பச்சையும் தண்ணியும்தான், நான் பொறந்த சோழ மண்டலம் அது, ஊர் ஞாபகம் வந்து கண்ணு கலங்குச்சு, அடுத்த நிமிஷமே வருஷத்தை கணக்கு போட்டு பாத்து வயித்தை பிசைஞ்சுச்சு. அந்தம்மாவை குத்தம் சொல்லல. அவங்க செடி வரைய வந்தவங்க. ஆனா அந்த வருஷத்துல அந்த பச்சைக்கு வெளியில என்ன இருந்துச்சுன்னு ஒரு ரெண்டு வரி பக்கத்துல இருந்தா படம் ஒண்ணும் மங்கிப்போகாது.

இன்னொண்ணு கேளுங்க. இலங்கை காபியில இலைத்துரு நோய் தென்பட்டது 1869-ல. உங்க கேலரி தொறந்த சமயத்துல அங்க காபி செத்துட்டு இருந்துச்சு, அதே மலையில தேயிலை ஏறிட்டு இருந்துச்சு, பறிச்ச கை அதே தமிழ் கைதான். உங்க கதவுக்கு மேல அந்த ரெண்டு செடியும் இருக்கு. அந்தம்மா அதை நினைச்சு வரையல, ஹூக்கரை கிண்டல் பண்ணத்தான் வரைஞ்சாங்க, ஆனா எனக்கு அந்த கதவை பாக்கறப்பல்லாம் வேற ஒரு வரிசை நடந்து போறது தெரியுது.

தஞ்சாவூர்ல அவங்க பாத்த ஆளு ஆர்தர் பர்னல், ஜில்லா ஜட்ஜ். அரண்மனை நூலகத்துல இருந்த சமஸ்கிருதச் சுவடிகளுக்கு பட்டியல் போட்ட மனுஷன், இப்ப நாங்க சரஸ்வதி மகால்னு சொல்றது அதைத்தான். இந்துக்கள் புனிதமா நினைக்கிற செடிங்களை பத்தி ரெண்டு பேரும் பேசியிருக்காங்க, கடிதமும் எழுதிக்கிட்டாங்க. இதை சொல்றதுக்கு காரணம் இருக்கு. பேராதனையில அவங்க வரைஞ்ச டாலிபாட் பனையை எடுத்துக்கங்க, அதுக்கு எங்க மொழியில தாளிப்பனைன்னு பேரு, குடைப்பனைன்னும் சொல்வாங்க, ஆயுசுக்கு ஒரே தடவை பூத்துட்டு செத்துப்போகும். அந்த ஓலையிலயும் ஏடு எழுதினாங்க. பர்னல் எண்ணி வச்ச சுவடிக்கும் மரியான் வரைஞ்ச மரத்துக்கும் நடுவுல இருக்கிற பாலம் அந்த பேருதான். அதனால விழா சமயத்துல தெக்கத்திச் செடிங்களுக்கு லத்தீன் பேருக்கு பக்கத்துல தமிழ் பேரும் சிங்களப் பேரும் மலையாளப் பேரும் போட்டு ஒரு சின்ன கையேடு கொண்டு வாங்க. சரிபாத்து தர எங்க ஊர் காலேஜ் டீச்சருங்க வரிசை கட்டி வருவாங்க, டீ செலவு மட்டும் பண்ணா போதும்.

1884-ல விக்டோரியா ராணி இவங்களுக்கு கையெழுத்து போட்ட போட்டோ ஒண்ணு அனுப்பினாங்க. அரசாங்க கௌரவம் எதுவும் குடுக்க வழியில்லைன்னு வருத்தத்தோட. வாங்கின மரியாதை அவ்ளோதான். 1890 ஆகஸ்ட் 30, குளோஸ்டர்ஷயர்ல ஆல்டர்லிங்கிற கிராமத்துல, தான் போட்ட தோட்டத்துக்கு நடுவுல செத்துப்போனாங்க, 60 கூட ஆகல.

உள்ள ஓவியம் இருக்கு, ஆவி படக்கூடாது, சிந்தினா பிரச்சினைன்னு நீங்க சொல்வீங்க, நியாயம். அதான் வராண்டான்னு முதல்லயே எழுதிட்டேன். பொதுஜனத்தை கட்டுப்பாட்டுல வச்சுக்க வரிசையில நிக்க சொல்லுங்க, ரேஷன் கடையில நின்னு பழகினவங்க நாங்க. மெஷின் காபி மட்டும் வேண்டாம். பில்டர் நான் கொண்டு வர்றேன், கும்பகோணம் பித்தளை டபரா செட்டோட, டிகாக்‌ஷன் முத நாள் ராத்திரியே எறக்கி வச்சுடலாம், பாலு மட்டும் நீங்க பாத்துக்கங்க.

இப்படிக்கு,
லண்டன்ல நைட் ஷிஃப்ட் முடிச்சுட்டு லீவு நாள்ல உங்க கேலரி பெஞ்சுல தூங்கி வழியிற ஒரு தஞ்சாவூர்க்காரி