தெப்பக்காட்டுக்குக் கேமராவோடு வருகிற இயக்குநர்களுக்கு

வணக்கம். மனிதருக்கும் விலங்குக்கும் உள்ள உறவைப் படமெடுக்க தெப்பக்காடு யானைகள் முகாமைத் தேடி வருகிற ஆவணப்பட இயக்குநர்கள் எல்லோருக்கும் கூடலூரில் இருந்து இதை எழுதுகிறேன்.

2023 மார்ச்சில் கார்த்திகி கொன்சால்வஸின் 'தி எலிஃபன்ட் விஸ்பரர்ஸ்' படம் ஆஸ்கர் வாங்கியபோது இந்தப் பக்கம் எல்லோருக்கும் சந்தோஷம், எனக்கும்தான். தாயை இழந்த ரகு என்ற யானைக்குட்டியை இந்த முகாமில் பொம்மன், பெள்ளி தம்பதி வளர்த்ததை வருஷக்கணக்கில் கூடவே இருந்து எடுத்த படம் அது, அந்தப் பொறுமை படம் முழுக்கத் தெரியும். அப்புறம் ரகுவைப் பார்க்கவே முகாமுக்குக் கூட்டம் வந்தது. உங்களில் பலருக்கும் இப்போது அதே காட்சிதான் வேண்டியிருக்கிறது: குட்டி, பால், ஆளைச் சுற்றி வளைக்கும் துதிக்கை.

அந்தக் காட்சி பொய் இல்லை. ஆனால் ஆஸ்கர் கிடைத்து இரண்டு மாதம்கூட ஆகவில்லை, ஏப்ரல் கடைசியில் அதே முகாமில் மசினி என்ற பெண் யானை தன் பாகனைத் தாக்கிக் கொன்றது. மசினியும் முதுமலையில் தாயைப் பிரிந்து தவித்த குட்டிதான், இந்த முகாமில் வளர்ந்தவள்தான். வளர்ந்தபின் சமயபுரம் கோவிலுக்குக் கொடுத்தார்கள், 2018 மே மாதம் கோவிலுக்குள்ளேயே அங்கிருந்த பாகனைக் கொன்றாள், பிறகு தெப்பக்காட்டுக்கே திரும்பி வந்தாள். ரகுவுக்கும் மசினிக்கும் கதை தொடங்குவது ஒரே இடத்தில். ஒன்றை உலகமே பார்த்தது. இன்னொன்று நாலு நாள் செய்தியோடு முடிந்துபோனது. காட்டில் பிறந்த குட்டியை மனிதர் கையில் வளர்த்து, வேறு ஊருக்கு, வேறு ஆளிடம், சத்தத்துக்கும் கூட்டத்துக்கும் நடுவில் கொண்டுபோய் நிறுத்தினால் அதற்குள் என்ன நடக்கிறது என்று கேட்கிற ஒரு படத்துக்காக நான் காத்திருக்கிறேன்.

சாயங்காலம் தீனி கொடுக்கும் நேரத்தில் வந்து நின்று பாருங்கள். ராகியும் கொள்ளும் வேகவைத்து, வெல்லமும் உப்பும் சேர்த்துப் பிசைந்த கவளத்தைப் பாகன் யானையின் வாய்க்குள்ளேயே வைப்பார், மணிக்கட்டு வரை கை உள்ளே போய்வரும். அப்போது கேமராவை யானை முகத்திலிருந்து கொஞ்சம் நகர்த்தி அவர் கண்களைக் காட்டுங்கள். காது அசைகிறதா நின்றுவிட்டதா, கன்னத்தில் மதநீர் கசிந்திருக்கிறதா என்று அந்தக் கண்கள் ஓயாமல் பார்த்துக்கொண்டே இருக்கும். அன்பும் பயமும் ஒரே ஆளிடம் ஒரே நேரத்தில் இருக்கின்றன, இதில் ஒன்றை வெட்டிவிட்டு எடுத்தால் அவருடைய வேலையே படத்தில் இருக்காது. தழை வெட்டிச் சுமந்து வரும் காவடிகளை, அதாவது பாகனுக்கு உதவியாளர்களாக இருப்பவர்களை, பெரும்பாலும் யாரும் எடுப்பதே இல்லை. எந்த யானை யார் கையில் என்பதும் பாசத்தால் முடிவாவதில்லை, மேலிருந்து வரும் உத்தரவால் முடிவாகிறது. ரகுவே வளர்ந்தபின் வேறு கைக்குத்தான் போனான்.

1998-ல் பிடிபட்ட மூர்த்தி என்ற யானையை எடுத்துக்கொள்ளுங்கள். கேரளாவிலும் இங்கேயும் பலரைக் கொன்ற மக்னா, அதாவது தந்தமில்லாத ஆண் யானை, இந்த முகாமில்தான் சாதுவானான், யானை டாக்டர் கிருஷ்ணமூர்த்தியின் பெயரைத்தான் அவனுக்கு வைத்தார்கள். கரால் என்கிற மரக்கூண்டுக்குள் நிற்கும் ஒரு காட்டு யானையிடம் ஒரு மனிதர் தினமும் போய்ப் பேசுகிறார், கரும்பு நீட்டுகிறார், அது கொஞ்சம் கொஞ்சமாக அவர் குரலுக்குத் திரும்புகிறது. இதில் கொடுமையும் இருக்கிறது, பரிவும் இருக்கிறது. இரண்டையும் சேர்த்துத் தாங்கிக்கொள்ள பார்வையாளர்களால் முடியும், எங்களை நம்புங்கள்.

அப்புறம் ஒரு வேண்டுகோள். காட்டுநாயக்கர், குறும்பர், இருளர் வீடுகளுக்குள் கேமராவைக் கொண்டுபோகும் முன், எதற்காக எடுக்கிறீர்கள், எங்கே காட்டுவீர்கள், அவர்களுக்கு என்ன கொடுப்பீர்கள் என்பதை அவர்களுக்குப் புரிகிற மொழியில் உட்கார்ந்து பேசுங்கள், எழுதியும் கொடுங்கள். பாகனைப் பறிகொடுத்த வீட்டுக்குப் போனால், அவர்கள் வேண்டாம் என்று சொன்ன அந்த நிமிடமே கேமராவை அணைத்துவிடுங்கள். எடிட் முடிந்ததும் முதல் திரையிடலை முகாமிலேயே வையுங்கள். "இது இப்படி நடக்கலையே" என்று அங்கே யாராவது சொன்னால், திருத்திவிட்டு அப்புறம் விழாக்களுக்கு அனுப்புங்கள்.