பூவரசு மரத்தில் பழைய சதுரங்கம்: கை கொடுத்தவர்களுக்கு நன்றி

நம் ஊர் கிளை நூலகத்தில் சனி, ஞாயிறு நடந்த சதுரங்கக் கண்காட்சிக்கு உழைத்த எல்லோருக்கும் வணக்கம். நேரில் வந்து நன்றி சொல்லியிருக்கலாம். ஆனாலும் யார் யார் என்ன செய்தார்கள் என்பது ஊருக்கும் தெரியவேண்டும் என்று தோன்றியதால் பொதுவில் எழுதுகிறேன். பெயர் போடவேண்டாம் என்று பலரும் கேட்டுக்கொண்டார்கள். செய்த வேலையைச் சொன்னாலே ஆள் யாரென்று ஊரில் தெரிந்துவிடும்.

முதல் நன்றி நூலகர் அம்மாவுக்கு. தருவதாகச் சொன்ன மண்டபம் கடைசி வாரத்தில் கிடைக்காமல் போனபோது, "இங்கேயே வைங்க, அலமாரியை நகர்த்திக்கலாம்" என்று ஒரே வார்த்தையில் முடித்துவைத்தார். அலமாரிகளை நகர்த்திய கல்லூரித் தம்பிகள் திங்கட்கிழமை காலையில் வந்து பழைய இடத்திலேயே அடுக்கியும் கொடுத்தார்கள். அது பலர் கண்ணில் பட்டிருக்காது, அதனால் இங்கே சொல்லிவைக்கிறேன்.

விஸ்வநாதன் ஆனந்த் மயிலாடுதுறையில் பிறந்தவர் என்று நம் பிள்ளைகளுக்குத் தெரியும். பூவனூர் சதுரங்க வல்லபநாதர் கோயிலுக்குப் போயிருக்கிறார்கள். 2024 டிசம்பரில் சிங்கப்பூரில் டிங் லிரனை வென்று குகேஷ் 18 வயதில் உலக சாம்பியன் ஆனதை வீட்டில் எல்லோருமாகக் கொண்டாடினார்கள். ஆனால் இன்று ஆடும் விதிகள் எப்படி வந்தன என்று கேட்டால் பதில் இருக்காது. அதைச் சுவரில் எழுதி ஒட்டினால் யார் நின்று படிப்பார்கள்? பழைய ஆட்டத்தை ஆடிப் பார்க்கவேண்டும். அதற்குப் பழைய காய்கள் வேண்டும்.

அதைச் செய்துகொடுத்தவர் கடைசல் பட்டறை அண்ணன். ஈரானின் நிஷாபூரில் கிடைத்த, 12ஆம் நூற்றாண்டுக் காய்களின் படத்தைக் கொண்டுபோய்க் காட்டினோம். இப்போது அவை நியூயார்க் மெட்ரோபாலிட்டன் அருங்காட்சியகத்தில் இருக்கின்றன. உருவம் எதுவும் இருக்காது. உருண்டையும் முண்டும் பள்ளமுமாக இருக்கும். "யானைன்னா தும்பிக்கை எங்கே?" என்று கேட்டார். தலையில் துருத்தும் இரண்டு முண்டுகள்தான் தந்தங்கள் என்றதும் படத்தை வாங்கி விரலால் தடவிப் பார்த்துக்கொண்டே இருந்தார். அப்புறம் அவரே முடிவு செய்தார்: பூவரசில் வைரம் பாய்ந்த கருஞ்சிவப்பு நடுமரத்தில் ஓர் அணி, ஓரத்து வெளிர்மரத்தில் இன்னோர் அணி, சாயமே வேண்டாம். 32 காய்களையும் கடைந்து, உப்புத்தாள் போட்டு, எண்ணெய் தடவித் தந்தார். கூலி வாங்க மறுத்துவிட்டார். அந்தத் தேர்க் காயின் தலையில் அவர் வெட்டிய பிளவை எத்தனை பேர் கையில் எடுத்து ரசித்தார்கள்!

இந்தியாவில் ஏறக்குறைய 6ஆம் நூற்றாண்டில் உருவான சதுரங்கம் பாரசீகம் போய், அங்கிருந்து அரபு நாடுகளுக்குப் பரவி, 'ஷத்ரஞ்ச்' என்ற பெயரில் ஆடப்பட்டது. அந்த விதிப்படிதான் முதல் மேசையில் ஆடவைத்தோம். ராணி நிற்கும் இடத்தில் மந்திரி நிற்பார், குறுக்காக ஒரே ஒரு கட்டம்தான் போவார். பிஷப் நிற்கும் இடத்தில் யானை. குறுக்காக இரண்டாவது கட்டத்துக்குத் தாவும், நடுவில் யார் நின்றாலும் சரி. சிப்பாய் முதல் நகர்த்தலிலும் ஒரு கட்டம்தான். எதிராளியின் ராஜா ஒற்றை ஆளாக நின்றுவிட்டால், பெரும்பாலும் அதுவே வெற்றி. நகர்த்த வழியே இல்லாமல் மாட்டிக்கொண்டவருக்குத் தோல்வி; இன்று அது டிரா. ஒரு யானையால் 64 கட்டங்களில் மொத்தம் 8 கட்டங்களைத்தான் தொடமுடியும் என்பதை ஏழாம் வகுப்புப் பையன் ஒருவன் புளியங்கொட்டை வைத்து எண்ணிக் கண்டுபிடித்தான். நாங்கள் யாரும் சொல்லித்தரவில்லை.

படைகள் முட்டிக்கொள்ளவே நேரமாகும் ஆட்டம் அது. அதனால் அக்கால வல்லுநர்கள் முதல் சில நகர்த்தல்களைத் தாண்டி, பழக்கப்பட்ட ஓர் அணிவகுப்பிலிருந்தே நேராகத் தொடங்குவதும் உண்டு. 15ஆம் நூற்றாண்டின் இறுதியில் ஸ்பெயின் பக்கம் மந்திரி ராணியாகிப் பலகை முழுக்கப் பாயத் தொடங்கியதும் ஆட்டத்தின் வேகமே மாறிவிட்டது. இரண்டையும் அடுத்தடுத்து ஆடிப் பார்த்த பிள்ளைகளுக்கு இதை விளக்கவே வேண்டியிருக்கவில்லை.

இனி, கீழத்தெருத் தாத்தா. நாட்டுமுறைச் சதுரங்கம், அதாவது சர்வதேச விதிகள் வேரூன்றுமுன் இங்கே ஆடிய சதுரங்கம், ஆடத் தெரிந்தவர் நம் ஊரில் இன்னும் ஒருவர் இருக்கிறார் என்பதே எங்களுக்குப் பெரிய செய்தி. எண்பது வயதைத் தாண்டியவர், இரண்டு நாளும் மாலையில் வந்து பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்து, கேட்டவர்களுக்கெல்லாம் சொல்லித்தந்தார். சிப்பாய்க்கு ஒரு கட்டம்தான். கடைசி வரிசைக்குப் போனால், எந்தக் காய்க்குரிய கட்டத்தில் ஏறுகிறதோ அந்தக் காயாகத்தான் மாறும். கோட்டை கட்டுவது, அதாவது ஒரே நகர்த்தலில் ராஜா இரண்டு கட்டம் ஒதுங்க, ரூக் எனும் தேர் அவரைத் தாண்டி வந்து பக்கத்தில் நிற்பது, கிடையாது. "ராஜா குதிரை மாதிரி குதிக்குமா தாத்தா?" என்று ஆறாம் வகுப்புப் பெண் ஒருத்தி கேட்டாள். "ஒரே ஒரு தடவைம்மா. அதுக்கு முன்னாடி செக் வாங்கியிருக்கக் கூடாது" என்றார். ஊருக்கு ஊர் இந்த விதிகள் கொஞ்சம் மாறும் என்பதையும் அவரே சொன்னார்.

தாத்தாவின் மேசைக்குப் பின்னால்தான் மீர் சுல்தான் கானின் படத்தை மாட்டியிருந்தோம். அவரைப் பற்றிச் சொல்லாமல் என்னால் இந்த மடலை முடிக்க முடியாது. பஞ்சாபில் இந்திய விதிகளோடு வளர்ந்தவர். நவாப் உமர் ஹயாத் கான் 1929ல் லண்டனுக்கு அழைத்துப்போக, அந்த வருடமே பிரிட்டிஷ் சாம்பியன் ஆனார். 1932லும் 1933லும் மறுபடி வென்றார். 1930-31 ஹேஸ்டிங்ஸ் போட்டியில் முன்னாள் உலக சாம்பியன் கபாபிளாங்காவையே தோற்கடித்தார். சிப்பாய் இரண்டு கட்டம் போகும், ராஜா கோட்டைக்குள் ஒதுங்கும் என்பதெல்லாம் அவர் வளர்ந்த பிறகு பழகிக்கொண்டவை. அதே நவாப் வீட்டில் பணிபுரிந்த பாத்திமா 1933ல் பிரிட்டிஷ் மகளிர் சாம்பியன் ஆனார். சுல்தான் கான் இறந்தது 1966ல். சதுரங்கத்தின் உச்சப் பட்டமான கிராண்ட்மாஸ்டர், கௌரவப் பட்டமாக உலக சதுரங்கக் கூட்டமைப்பிடமிருந்து வந்தது 2024ல். இவ்வளவு தாமதமா என்று எனக்கு இன்னும் மனசு ஆறவில்லை.

தாத்தாவின் காலத்துக்கும் நம் காலத்துக்கும் நடுவில் நிற்பவர் மானுவேல் ஆரோன். 1961ல் இந்தியாவின் முதல் இன்டர்நேஷனல் மாஸ்டர் (கிராண்ட்மாஸ்டருக்கு ஒரு படி கீழே உள்ள பட்டம்), ஒன்பது முறை தேசிய சாம்பியன். சர்வதேச முறை ஆட்டத்தை இங்கே வேரூன்றச் செய்ததில் அவருக்குப் பெரிய பங்கு உண்டு. சென்னை சோவியத் கலாச்சார மையத்தில் 1972ல் அவர் தொடங்கிய தால் செஸ் கிளப்பில்தான் சிறுவன் ஆனந்த் ஆடிப் பழகினார். 1988ல் ஆனந்த் முதல் இந்திய கிராண்ட்மாஸ்டர் ஆனார்.

மகளிர் பள்ளி மாணவிகள் வேரா மென்சிக் பற்றி வரைந்து எழுதிய தட்டிகள் எனக்கு ரொம்பப் பிடித்தவை. 1927ல் முதல் மகளிர் உலக சாம்பியன். ஆண்களுக்கான போட்டிகளிலும் ஆடி, பின்னால் உலக சாம்பியன் ஆன மாக்ஸ் யூவையும் வென்றவர். 1944ல் லண்டனில் வீட்டின்மேல் குண்டு விழுந்து தாயோடும் தங்கையோடும் இறந்தபோதும் பட்டம் அவரிடமே இருந்தது. அந்தத் தட்டியை எழுதிய மாணவி, வந்தவர்களுக்கு அதைச் சொல்லும்போதெல்லாம் குரல் தழுதழுத்தாள். வழிநடத்திய டீச்சருக்குத் தனியாக ஒரு வணக்கம்.

விதிகள் மேசையை நடத்திய நடுவர் சார் திருச்சியிலிருந்து சொந்தச் செலவில் வந்தார். 'தொட்ட காயை நகர்த்தியே ஆகவேண்டும்' என்பதைப் பொறுமையாகப் பழக்கினார். அதிகம் பேர் கேட்ட கேள்வி கோட்டை கட்டுவது பற்றித்தான். ராஜா செக்கில் இருக்கும்போது கட்டக்கூடாது. அவர் கடக்கும் கட்டத்திலும் போய் நிற்கும் கட்டத்திலும் எதிரியின் தாக்குதல் இருக்கக்கூடாது. ஆனால் ரூக் தாக்கப்பட்டால் தடையில்லை. வருடக்கணக்கில் ஆடும் அப்பாக்கள் சிலருக்கே கடைசி வரி புதுசு!

பார்வையற்றோருக்கான பலகையைக் கொண்டுவந்து ஆடிக்காட்டிய தம்பிக்கும் அவருடைய அக்காவுக்கும் என்ன சொல்லி நன்றி சொல்வது? கருப்புக் கட்டங்கள் சற்று உயர்ந்திருக்கும், ஒவ்வொரு கட்டத்திலும் துளை, காயின் அடியில் முளை. கருப்புக் காய்களின் உச்சியில் விரலுக்குத் தட்டுப்படும் ஓர் அடையாளம். அவர் விரல்கள் பலகைமேல் ஒரு சுற்று ஓடிவந்ததும் நகர்த்தலை வாய்விட்டுச் சொல்வார். எதிரே உட்கார்ந்தவர்களில் ஒருவரும் அவரை ஜெயிக்கவில்லை.

பெரிய பலகைக்கான பிளக்ஸ் அடித்த கடைத் தம்பி, அச்சுக்குப் போகுமுன் "வலது கை மூலை வெள்ளைதானே?" என்று போன் செய்து உறுதி செய்துகொண்டார். சுண்டலும் டீயும் தந்த சுயஉதவிக் குழு அக்காக்கள், மைக்செட் அண்ணன், மழை வந்ததும் சொல்லாமலே தார்ப்பாய் கொண்டுவந்து கட்டிய ஆட்டோ ஸ்டாண்ட் நண்பர்கள், எல்லோருக்கும் நன்றி.

பூவரசுக் காய்களைக் கடைசல் அண்ணன் நூலகத்துக்கே கொடுத்துவிட்டார். நூலகர் அம்மாவிடம் கேட்டால் எடுத்துத் தருவார். ஞாயிற்றுக்கிழமை காலை பத்து மணிக்குத் தாத்தாவும் வருவதாகச் சொல்லியிருக்கிறார். நாட்டுமுறை கற்க விரும்புகிறவர்கள் வரலாம், வயது தடையில்லை.

மிக்க நன்றியுடன்,
கண்காட்சிக் குழுவின் சார்பில்