சனிக்கிழமை இடைவேளை பற்றி, பெற்றோருக்கு

அன்புள்ள பெற்றோருக்கு, வணக்கம்.

போன வாரம் நம் வாட்ஸ்அப் குழுவில் ஓர் அப்பா கேட்டிருந்தார்: "வாரத்துக்கு ஒரு நாள், அதுவும் இரண்டரை மணி நேரம்தான் வகுப்பு. அதில் அரை மணி நேரம் பிள்ளைகள் சும்மா விளையாடிக்கொண்டிருந்தால் எப்போதுதான் தமிழ் படிப்பது?" அதற்குப் பதினோரு பேர் கட்டைவிரலை உயர்த்தியிருந்தீர்கள், எண்ணிப் பார்த்தேன். நியாயமான கேள்விதான். சிங்கப்பூரின் உட்லண்ட்ஸிலிருந்தும் தெம்பனிசிலிருந்தும் காலையிலேயே ரயில் பிடித்துப் பிள்ளையைக் கூட்டி வருகிறவர்களுக்கு அது தோன்றாமல் இருந்தால்தான் ஆச்சரியம். குழுவில் இரண்டு வரியில் பதில் போட்டால் எங்கே போய் முடியும் என்று நம் எல்லாருக்கும் தெரியும், அதனால் கடிதமாகவே எழுதுகிறேன்.

இந்தத் தவணையில் இடைவேளையைப் பதினைந்து நிமிடத்திலிருந்து அரை மணி நேரமாக ஆக்கியது நான்தான். நர்சரியிலிருந்து தொடக்கநிலை 3 வரை எல்லாரையும் ஒரே இடத்தில் விடச் சொன்னதும் நான்தான். ஆசிரியர்கள் மேல் கோபப்படாதீர்கள்.

மூன்று வாரத்துக்கு முன் நடந்ததைச் சொல்கிறேன். பாலர் வகுப்பு 2-இல் படிக்கும் பிள்ளை ஒருத்தி, வீட்டில் முழுக்க முழுக்க ஆங்கிலம், கையில் பந்தோடு இன்னொரு பிள்ளையிடம் ஓடிப்போய், "நாங்க விளையாடப் போறோம்!" என்றாள். கூப்பிடத்தான் போனாள். கேட்டவளோ பாட்டியோடு தமிழிலேயே வளர்கிறவள். அவள் காதில் விழுந்தது "நாங்க போறோம், நீ கிடையாது" என்று. முகம் சுருங்கியது, அப்புறம் ஒரே அழுகை. பந்து வைத்திருந்தவளுக்கு ஒன்றுமே புரியவில்லை. ஆசையாகக் கூப்பிட்டால் இவள் ஏன் அழுகிறாள்? ஆசிரியை எழுந்தார், கொஞ்சம் பொறுங்கள் என்று கையைக் காட்டினேன். இருவரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டே நின்றார்கள். பிறகு அவள் பந்தை இவள் கையில் திணித்து "நீயும்" என்றாள். இவள் மூக்கை உறிஞ்சிக்கொண்டே, "அப்ப 'நாம'ன்னு சொல்லணும்" என்றாள்.

நாம், நாங்கள் வேறுபாட்டை வெண்பலகையில் வட்டம் போட்டு எத்தனையோ வருடம் நடத்தியிருக்கிறேன். ஆங்கிலத்தில் இரண்டுக்கும் ஒரே 'வீ'. தமிழிலோ வாயைத் திறக்குமுன், எதிரில் நிற்பவர் என் கூட்டத்தில் சேர்த்தியா இல்லையா, நான் சொன்னால் அவருக்கு எப்படிக் கேட்கும் என்று ஒரு கணக்குப் போட்டாக வேண்டும். பந்தோடு ஓடிய பிள்ளை அதே பாடத்துக்கான பயிற்சித்தாளில் பத்துக்குப் பத்து வாங்கியவள். கோடிட்ட இடத்தில் அழுகிற ஆள் யாரும் இல்லையே, அங்கே கணக்கு எதற்கு?

என் அறையில் ஒரு பழைய பிஸ்கட் டின் இருக்கிறது. மூடியில் பிஸ்கட் படம், உள்ளே நூல்கண்டும் பொத்தான்களும். (நம் வீடுகளில் பிஸ்கட் டின்னுக்குள் பிஸ்கட் இருந்து யார் பார்த்தது!) நர்சரிப் பிள்ளையிடம் காட்டி, உள்ளே என்ன என்றால் "பிஸ்கட்" என்பான். திறந்து காட்டினால் முகம் தொங்கிப்போகும். மூடிவிட்டு, "வெளியே அக்கா நிற்கிறாளே, அவள் இதைத் திறந்து பார்த்ததே இல்லை, உள்ளே என்ன இருக்கும் என்று நினைப்பாள்?" என்று கேட்டுப் பாருங்கள். மூன்று வயதுப் பிள்ளை கொஞ்சமும் தயங்காமல் "நூல்" என்னும். அவனுக்குத் தெரிந்துவிட்டால் ஊருக்கே தெரிந்த மாதிரி. சரி, நீ முதலில் என்ன நினைத்தாய் என்றால் அதற்கும் "நூல்"தான். பொய் சொல்லவில்லை, ஒரு நிமிடத்துக்கு முன்னிருந்த தன் நினைப்பே அவனுக்கு எட்டவில்லை.

இது நான் கண்டுபிடித்த விளையாட்டு அல்ல. இதற்கெல்லாம் தொடக்கம் 1983-இல் ஹைன்ஸ் விம்மர், யோசெஃப் பெர்னர் என்ற இரு உளவியலாளர்கள் செய்த சோதனை. மாக்ஸி என்ற பையன் சாக்லேட்டை ஓர் அலமாரியில் வைத்துவிட்டு வெளியே போகிறான், அவன் இல்லாதபோது அம்மா அதை வேறோர் அலமாரிக்கு மாற்றிவிடுகிறார், திரும்பி வந்தவன் எங்கே தேடுவான்? மூன்று வயதில் பெரும்பாலும் சாக்லேட் உண்மையில் இருக்கும் இடத்தைக் காட்டுவார்கள். நான்கைத் தாண்டும்போதுதான் 'அவனுக்கு அது தெரியாதே' என்பது பிடிபடத் தொடங்குகிறது.

வயதானால் தானாக வந்துவிடும் என்று விட்டுவிடலாமா? அங்கேதான் எனக்கு உங்களோடு பேச்சு. 1991-இல் உளவியலாளர் ஜூடி டன்னும் அவருடைய குழுவினரும் வீடுகளுக்கே போய்ப் பார்த்தார்கள். யாருக்கு ஏன் கோபம், யார் எதற்கு அழுதார்கள் என்று பேசிக்கொள்கிற வீட்டுப் பிள்ளைகள், சில மாதம் கழித்து மற்றவர் மனத்தைப் புரிந்துகொள்வதில் முன்னால் இருந்தார்கள். அதே பெர்னர் 1994-இல் வேறு சிலரோடு சேர்ந்து செய்த ஆய்வில், அண்ணன் தம்பி அக்கா தங்கையோடு வளரும் பிள்ளைகளுக்கு இது சீக்கிரம் கைவந்தது தெரிந்தது. பின்னால் வந்த ஆய்வுகள் எல்லாம் அதை அப்படியே ஒப்புக்கொள்ளவில்லை என்பதையும் சொல்லிவிடுகிறேன். ஆனாலும் சிங்கப்பூரின் மொத்தக் கருவள விகிதம், அதாவது ஒரு பெண் சராசரியாகப் பெறும் பிள்ளைகளின் எண்ணிக்கை, 2023-இல் 0.97. நம் வகுப்பிலேயே பாதிப் பேர் ஒற்றைப் பிள்ளைகள். வீட்டில் பங்கு கேட்டுச் சண்டை போட ஆளில்லை. அடுக்குமாடி புளோக்கின் கீழ்த்தளத்தில் பந்து விளையாடுகிற காலமும் போய்விட்டது. தொடக்கநிலை 3 அண்ணன்களோடு நர்சரியைச் சேர்த்துவிட்டதன் ரகசியம் இதுதான்.

எனக்கு ரொம்பப் பிடித்த ஆதாரம் நிகராகுவாவிலிருந்து வருகிறது. காது கேளாத பிள்ளைகள் 1970-களின் இறுதியில் அங்கே பள்ளியில் முதன்முதலாக ஒன்றுகூடி, தாங்களாகவே ஒரு சைகை மொழியை உண்டாக்கினார்கள். முதலில் வந்தவர்களின் சைகையில் நினைப்பு, அறிவு பற்றிய சொற்கள் மிகக் குறைவு. அவர்கள் வளர்ந்து பெரியவர்களான பிறகும், மாக்ஸி கதை போன்ற சோதனையில் தடுமாறினார்கள். இளையவர்களோடு பழகி அந்தச் சொற்களைக் கற்றுக்கொண்டபின், இரண்டு ஆண்டு கழித்துப் பார்த்தால் தேறியிருந்தார்கள். ஆய்வாளர்கள் ஜெனி பையர்ஸும் ஆன் செங்காஸும் 2009-இல் வெளியிட்டது இது. ஆக, நினைத்தேன், மறந்துட்டேன், ஏமாந்துட்டேன், தெரியாம போச்சு என்று உங்கள் வீட்டில் சாதாரணமாக வாயில் வருகிற சொற்களை லேசாக எண்ணாதீர்கள். பாட்டி கதையில் "நரி வந்துச்சாம், காக்காவைப் பார்த்துச்சாம்" என்று வரும் 'ஆம்' இருக்கிறதே, நான் பார்க்கவில்லை, யாரோ சொல்லக் கேட்டேன் என்பதை ஒரே அசையில் சொல்லிவிடுகிறது. அது கேட்டுக் கேட்டுத்தான் வரும்.

இதனால் இன்னொன்றையும் சொல்ல வேண்டியிருக்கிறது. "வீட்டில் தமிழ் கார்ட்டூன் போட்டு விடுகிறோம் சார்" என்கிறீர்கள். பட்ரிஷியா கூல் குழுவினர் 2003-இல் அமெரிக்காவில் ஒன்பது மாதக் குழந்தைகளிடம் சீன மொழி பேசிப் பார்த்தார்கள். பன்னிரண்டு முறை ஓர் ஆள் எதிரில் உட்கார்ந்து விளையாடிப் பேசியபோது அந்த மொழியின் ஒலியைக் குழந்தைகள் பிடித்துக்கொண்டார்கள். அதே ஆள், அதே பேச்சு, திரையில் வந்தபோது ஒன்றும் ஏறவில்லை. நம் பிள்ளைகள் கைக்குழந்தைகள் இல்லைதான், திரையிலிருந்து நாலு சொல் கற்பார்கள். ஆனால் கார்ட்டூன் நரி உங்கள் பிள்ளை அழுதால் நிற்காது.

விகோட்ஸ்கி என்ற ரஷ்ய அறிஞர் 1934-இல், 37 வயதிலேயே காசநோயில் போய்விட்டார். பிள்ளை முதலில் மற்றவரோடு பேசுகிறது, பிறகு தனக்குத்தானே சத்தமாக, கடைசியில் அதுவே மனத்துக்குள் போய் யோசனையாகிறது என்று எழுதியவர். தொடக்கநிலை 1 பையன் ஒருவன் படப்புதிர் அடுக்கும்போது, "அவசரப்படாதேப்பா, மூலையை முதல்ல தேடு" என்று முணுமுணுப்பதைப் போன வாரம் கேட்டேன். கூட்டிப் போக வந்த தாத்தாவைப் பார்த்ததும் குரல் யாருடையது என்று தெரிந்துவிட்டது, அந்த இழுவைகூட அப்படியே.

என் தவறு ஒன்றையும் ஒப்புக்கொள்கிறேன். என் மகன் சின்னவனாக இருந்தபோது யாரையாவது அடித்துவிட்டால் கையைப் பிடித்து இழுத்துப்போய் "சாரி சொல்லு" என்பேன். சொல்வான். எதற்கென்று அவனுக்கும் தெரியாது, வாங்கிக்கொண்டவனுக்கும் தெரியாது. இங்கே சண்டை வந்தால், அடி விழாதவரை, ஆசிரியர் ஒரு நிமிடம் பொறுத்துவிட்டு "அவன் என்ன நினைச்சிருப்பான்?" என்று மட்டும் கேட்பார். நேரம் பிடிக்கும். அரை மணி அதற்குத்தான்.

சில பிள்ளைகளுக்கு இது மெதுவாக வரும், ஆட்டிசம் உள்ள பிள்ளைகளுக்கு வேறு வழியில் வரும். அதை அன்பில்லாதவன், பிடிவாதக்காரி என்று வீட்டிலேயே முடிவு கட்டாதீர்கள். சந்தேகம் இருந்தால் என்னிடம் பேசுங்கள், பலதுறை மருந்தக (பாலிகிளினிக்) மருத்துவரிடமும் காட்டுங்கள்.

பயிற்சித்தாள் குறைந்ததாகக் கவலைப்படுகிறவர்கள் கேளுங்கள், வீட்டுக்கு அனுப்புகிறேன். தொடக்கநிலை 1, 2-க்கு 2019-இலிருந்து பள்ளிகளிலேயே தேர்வு கிடையாது, நாம் ஏன் அவசரப்படுகிறோம் என்று எனக்குப் புரியவில்லை, அது என் புலம்பல். இடைவேளை 10.15 முதல் 10.45 வரை. திறன்பேசி, டேப்லெட் பையில் வேண்டாம்.

பார்க்க விரும்புகிறவர்கள் ஓரமாக நாற்காலி போட்டு உட்காரலாம். சண்டையைத் தீர்த்துவைக்க மட்டும் எழாதீர்கள். அப்புறம், டின்னுக்குள் நூல் இருப்பதைத் தயவுசெய்து பிள்ளைகளிடம் சொல்லிவிடாதீர்கள். நர்சரியில் நான்கு பேர் இன்னும் பார்க்கவில்லை.

அன்புடன்,
தலைமையாசிரியர்