கைதுச் செய்திக்குக் கீழே ஓர் எண்ணும் போடுங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். 'வலி மாத்திரை, ஊசியுடன் வாலிபர்கள் கைது' என்ற செய்தி உங்கள் நாளிதழில் அடிக்கடி வருகிறது. மேசையில் பரப்பிய மாத்திரை அட்டைகள், தலை குனிந்து நிற்கும் பையன்கள், பின்னால் போலீசார். திருப்பூரில் சின்னதாக ஒரு மெடிக்கல் நடத்தும் எனக்கு அந்தப் படத்தில் முதலில் கண்ணில் படுவது அட்டையின் நிறம்தான். என்ன மாத்திரை என்பது அதிலேயே பாதி தெரிந்துவிடும்.

இவை காட்டுக்குள் காய்ச்சிய சரக்கு இல்லை. அறுவை சிகிச்சைக்குப் பிறகான வலிக்கும், புற்றுநோய் வலிக்கும் டாக்டர்கள் எழுதித் தருகிறவை. டிரமடால் என்ற வலி மாத்திரை 2018-இல் போதைப்பொருள் தடுப்புச் சட்டத்துக்குள் வந்தது. அப்புறம் கடைக்கு வந்து கேட்கிறவர்களின் வாயில் டேபென்டடால் என்ற இன்னொரு வலி மாத்திரையின் பெயர் வர ஆரம்பித்தது. சீட்டு இல்லாமல் தர மாட்டேன் என்றால் சண்டை, மிரட்டல். இதன் பலனாக, கணவரின் வலிக்குச் சரியான சீட்டோடு வருகிற ஒரு பெண்மணியைக்கூட நான் ஏற இறங்கப் பார்க்கிறேன். அவர் அதைக் கவனிக்கிறார் என்பதும் எனக்குத் தெரியும்.

வாயில் போட வேண்டிய மாத்திரையை நரம்பில் ஏற்றுகிறார்கள். மாத்திரையில் மருந்து மட்டுமா இருக்கிறது? மாவுப்பொருள், டால்க் என்று கரையாத சமாச்சாரங்கள் நிறைய. அவை இரத்தத்தோடு போய் நுரையீரலின் நுண்ணிய குழாய்களை அடைக்கும். குத்திய இடம் சீழ் பிடிக்கும், சிலருக்கு விரலையே எடுக்க வேண்டி வரும். ஒரே ஊசி நாலு கை மாறினால் எச்.ஐ.வி., ஈரலைத் தாக்கும் ஹெபடைடிஸ் சி. ஊசி கேட்டு வரும் பையனுக்கு இல்லை என்றால் கூட்டாளியின் பழைய ஊசியை எடுப்பான், கொடுத்தால் நானே துணை போனது மாதிரி. ஒரு நாள் கொடுக்கிறேன், ஒரு நாள் விரட்டுகிறேன். எது சரி என்று யாராவது மருத்துவர் உங்கள் பகுதியில் எழுதினால் நன்றாக இருக்கும்.

விற்பவர்கள்மீது எனக்கு இரக்கம் கிடையாது. வணிக அளவில், அதாவது சட்டம் குறித்திருக்கும் பெரிய அளவில், பிடிபட்டால் 10 முதல் 20 ஆண்டு வரை சிறை, குறைந்தது 1 லட்சம் ரூபாய் அபராதம். டிரமடாலுக்கு அந்த அளவு 250 கிராம். கலப்படப் பொருளையும் சேர்த்து மொத்த எடையைத்தான் கணக்கிட வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2020-இல் சொல்லிவிட்டது. சரி, அது அப்படியே இருக்கட்டும். என் பேச்சு அடிமையாகிப்போன பையன்களைப் பற்றியது.

"காய்ச்சலாட்டம் இருக்குதுங்க, மூக்கு ஒழுகுது, வயித்தால போகுது, கால் குடைச்சல்ல ராத்திரி பூரா தூங்கறதில்லீங்க" என்று மகனுக்கு மாத்திரை கேட்டு வரும் தாய்மார்கள் உண்டு. பழகிய போதை திடீரென்று நின்றால் உடம்பு இப்படித்தான் ஆடும். பெரியாஸ்பத்திரிக்குக் கூட்டிப் போங்கம்மா என்றால், குரலைத் தாழ்த்தி "கேஸு கீஸுன்னு ஆயிருங்களே?" என்கிறார்கள். அதே சட்டத்தில் 64ஏ என்று ஒரு பிரிவு இருக்கிறது. உபயோகித்த குற்றத்துக்கோ, சிறிய அளவு வைத்திருந்ததற்கோ வழக்கில் சிக்கிய அடிமை, தானாக முன்வந்து அரசு மருத்துவமனையிலோ அங்கீகாரம் பெற்ற மையத்திலோ சிகிச்சை எடுத்தால் அந்த வழக்கிலிருந்து விலக்கு உண்டு. சிகிச்சையைப் பாதியில் விட்டால் விலக்கை ரத்து செய்யவும் முடியும். இதைக் கேள்விப்பட்ட ஒரு தாயைக்கூட நான் பார்த்ததில்லை.

இன்னொன்றையும் குடும்பத்தார் தெரிந்துகொள்ள வேண்டும். சில வாரம் சிறையில் இருந்துவிட்டு வருகிறவனுக்கு உடம்பின் தாங்குசக்தி குறைந்திருக்கும். "திருந்திட்டான்" என்று வீட்டில் நிம்மதியாக இருக்கும்போது அவன் பழைய அளவையே மறுபடி போட்டால் மூச்சு நின்றுவிடலாம். கூடவே மதுவோ தூக்க மாத்திரையோ இருந்தால் ஆபத்து இன்னும் அதிகம். வெளியே வந்த முதல் சில நாட்கள்தான் ரொம்ப மோசமானவை.

தற்கொலைச் செய்திகளின் அடியில் உதவி எண் போடுகிறீர்கள். அதேபோல இந்தக் கைதுச் செய்திகளுக்குக் கீழேயும், மத்திய அரசின் போதை மீட்பு உதவி எண் 14446-ஐப் போடுங்கள், கட்டணம் கிடையாது. தமிழக அரசு மருத்துவமனைகளில் 2025-இல் தொடங்கிய 'கலங்கரை' போதை மீட்பு மையங்களில் உங்கள் மாவட்டத்துக்குப் பக்கத்தில் இருப்பது எது என்று ஒரு வரி, 64ஏ பற்றி ஒரு வரி. தனிப் பெட்டியாகப் போட்டால் வேண்டியவர்கள் படிக்க மாட்டார்கள். அந்தப் படத்துக்கு நேர் கீழேயே போடுங்கள்.

இப்படிக்கு,
ஒரு மருந்துக்கடைக்காரர்,
திருப்பூர்.
(கடைக்கு வருகிறவர்களை உத்தேசித்து, பெயரை வெளியிட வேண்டாம்.)